சூளைச் சுவரில் ஒரு பிறை

நான் படித்தது நான்காம் வகுப்பு வரை. அதிலும் கடைசி மூன்று மாதம் போகவில்லை. இன்று என் பட்டறையில் நாற்பத்திரண்டு பேர் வேலை செய்கிறார்கள். அவர்களில் இரண்டு பேர் கல்லூரி முடித்தவர்கள். ஒருவர் என் மாப்பிள்ளை. களிமண் மிதிக்க வந்த கால் இது என்று என் பாதத்தை யாருக்கு வேண்டுமானாலும் காட்டுவேன். என்னைப் பற்றி எழுதுவதென்றால் ஒரு புத்தகம் பத்தாது. ஆனால் இப்போது எழுத உட்கார்ந்தது என்னைப் பற்றி அல்ல; என் பட்டறையின் சூளையைப் பார்த்துக்கொள்கிற பெண்மணியைப் பற்றி. அவரை எல்லோரும் கோட்டக்கா என்று கூப்பிடுகிறார்கள். சுவரெல்லாம் கோடு போட்டு வைத்ததால் வந்த பெயர். அந்தப் பெயரை வைத்தவனும் நான்தான்.

நாங்கள் செய்வது கோப்பை, தட்டு, ஜாடி. மண்ணை வனைந்து காயவைத்து, மேலே பளபளப்புக்காக ஒரு பூச்சுப் பூசி, சூளையில் அடுக்கிச் சுடுவோம். பூச்சு என்பது தண்ணீரில் கரைத்த பொடி. சூட்டில் அது உருகிக் கண்ணாடி போல ஆகும். சூடு குறைந்தால் சுண்ணாம்பு மாதிரி வெளுத்துக் கிடக்கும். கூடினால் மெழுகுவர்த்தி போல வழியும். ஒவ்வொரு பொடிக்கும், மண்ணுக்கும், இத்தனை டிகிரியிலிருந்து இத்தனை டிகிரி வரை என்று ஒரு கணக்கு உண்டு. பொடி விற்கிறவர்கள் ஒரு தாளில் அச்சடித்து மூட்டையோடு தருவார்கள். நான் அந்தத் தாளைப் படித்ததே இல்லை. சூளையின் ஓட்டை வழியாக ஒரு கண்ணை வைத்துப் பார்த்தால் உள்ளே இருக்கிற நிறத்தை வைத்தே சூட்டைச் சொல்லிவிடுவேன். மீட்டர் வாங்கிய அன்று நான் சொன்னதற்கும் மீட்டர் சொன்னதற்கும் ஆறு டிகிரிதான் வித்தியாசம். மீட்டர் தப்பாக இருக்கும் என்றேன். பாதிப் பேர் நம்பினார்கள்.

எங்கள் பட்டறையில் சூளைச் சாவி யாரிடம் இருக்கிறதோ அவர்தான் தலை. முப்பது வருடம் அது என்னிடம் இருந்தது. பிறகு ஒரு சூளைக்காரரிடம் கொடுத்தேன். அவருக்குக் கண்ணில் புரை விழுந்து ஓய்வு பெற்றபோது, மாப்பிள்ளை தனக்குத் தெரிந்த டிப்ளமோ படித்த ஒருவரைச் சொன்னார். அந்த நேரத்தில்தான் பாக்கிங் பகுதியிலிருந்து ஓர் அம்மா என் அறைக் கதவைத் தட்டினார்.

வயது நாற்பதைத் தாண்டியிருக்கும். எட்டாம் வகுப்புப் படிப்பு. கணவர் லாரி ஓட்டியவர். முதுகெலும்பில் அடிபட்டு மூன்று வருடமாக வீட்டில். ஒரு மகள் படித்துக்கொண்டிருந்தாள். எங்களிடம் கோப்பைகளைப் பழைய தாளில் சுற்றிப் பெட்டியில் அடுக்குவதுதான் இந்த அம்மாவின் வேலை.

"ஐயா, கோவிச்சுக்காதீங்க. செவ்வாய்க்கிழமைச் சூளையில மட்டும் பச்சை வழிஞ்சு வருதே, கவனிச்சீங்களா?"

"கவனிக்காம இருப்பேனா? பொடி சரியில்ல."

"பொடி சரியாத்தான் இருக்கு ஐயா. செவ்வாய்க்கிழமை பச்சையும் பழுப்பும் சேர்த்துப் போடுறோம். சூடுதான் ஒத்துப்போகல."

எனக்குச் சுர்ரென்று ஏறியது. சூட்டைப் பற்றி என்னிடமா! பல சரக்கைச் சேர்த்துச் சுடும்போது நான் ஒரு வழி வைத்திருந்தேன். எல்லாவற்றுக்கும் நடுவாந்தரமாக ஒரு சூடு. யாருக்கும் பாரபட்சம் இல்லாமல். அதைச் சொன்னேன்.

"நடுவாந்தரம் நாலு பேரு சாப்பிட உட்கார்ந்தா சரி ஐயா. இதுக்குச் சரிப்படாது" என்றவர், என் அனுமதியைக் கேட்காமலே, என் அறைச் சுவரில் சாக்குக்கட்டியால் மூன்று கோடு இழுத்தார். ஒன்றின் கீழ் ஒன்று. பக்கத்தில் இப்படி எழுதினார்:

மண் [1190, 1240]
பச்சை [1180, 1210]
பழுப்பு [1200, 1260]

"மூணு கோடும் ஒண்ணு மேல ஒண்ணா எங்க படியுதோ அங்கதான் சூடு நிக்கணும். ஆரம்பத்துல எது பெருசு? ஆயிரத்து இருநூறு. முடிவுல எது சின்னது? ஆயிரத்து இருநூத்திப் பத்து. அவ்வளவுதான் இடம்." கீழே [1200, 1210] என்று எழுதி அந்தத் துண்டை மட்டும் தடிமனாக்கினார். "நீங்க வைக்கிறது ஆயிரத்து இருநூத்திப் பதினஞ்சு. பச்சைக்கு அது வெளியூரு."

சூளையின் மேல் அடுக்குக்கும் கீழ் அடுக்குக்கும் எட்டு டிகிரி வித்தியாசம் இருக்கும் என்பது எனக்குத் தெரியும். மீட்டரில் 1205 வைத்தால் மேலே 1209, கீழே 1201. எல்லாம் அந்தத் தடித்த துண்டுக்குள். அடுத்த செவ்வாய் அப்படியே சுட்டோம். ஒரு கோப்பைகூட வழியவில்லை.

எங்கே கற்றார் என்று கேட்டேன். பாக்கிங்குக்கு எடைக்கு வாங்கும் பழைய தாள்தான் இவருடைய பள்ளிக்கூடம். யாரோ ஒரு மாணவரின் கணக்கு நோட்டு, நூல் பிரிந்து உதிரித் தாளாக மூட்டையில் வந்திருக்கிறது. கோப்பையைச் சுற்றும் முன் கண்ணை ஓட்டியிருக்கிறார். கோடுகள் பிடித்துப்போயின. பதினொரு தாளை எடுத்துச் சேலை மடிப்பில் வைத்துக்கொண்டு போய், வீட்டில் அடுப்பு வேலைக்கு நடுவே மாதக்கணக்கில் பார்த்திருக்கிறார். எண்களின் கூட்டத்துக்குக் கணம் என்று பெயர். இரண்டு கணத்துக்கும் பொதுவாக இருப்பது வெட்டு. கணக்கில் இப்படி ஒரு சொல் இருப்பது எனக்கு அன்றுதான் தெரியும். வெட்டு என்றால் நான் அறிந்தது மண் வெட்டுவதுதான்.

"முழு நோட்டும் கிடைச்சுதா?" என்றேன்.

"பாதிதான் ஐயா. மிச்சத்துல கோப்பையைச் சுத்தி ஊருக்கு அனுப்பிட்டேன், விஷயம் புரியறதுக்கு முன்னாடி."

சாவியை அவரிடம் கொடுத்தேன். மாப்பிள்ளை முகத்தைத் தூக்கி வைத்துக்கொண்டார். "மாமா, பாக்கிங்ல இருந்தவங்ககிட்டச் சூளையா? நாலு பேரு சிரிப்பாங்க." சிரிக்கட்டும் என்றேன். ஆளைப் பார்த்து எடை போடுவதில் எனக்கு நிகர் நானே. ஆனால் மாப்பிள்ளை ஒரு வார்த்தை வாங்கிக்கொண்டார்: ஒரு லோடு கெட்டாலும், ஒரு நாள் தாமதமானாலும், சாவி டிப்ளமோக்காரருக்கு. சரி என்று தலையாட்டிவிட்டேன். கோட்டக்கா அந்தச் சாவியைக் கறுப்புக் கயிற்றில் கோத்து இடுப்பில் செருகிக்கொண்டார். வீட்டில் அவர் ஒருவர் சம்பளம்தான். பாக்கிங்குக்குத் திரும்பினால் சம்பளம் பாதி, மகளின் படிப்பும் பாதியில். அவர் சொல்லி எனக்குத் தெரியாது, மற்றவர்களிடம் கேட்டுத் தெரிந்துகொண்டேன்.

இரண்டு வருடம் ஒரு குறையும் இல்லை. சூளை அறைச் சுவரில் ஒவ்வொரு சுடலுக்கும் கோடு போடுவார். தடித்த துண்டு கிடைத்த பிறகுதான் தீ.

அப்போது அந்தத் தட்டு ஆர்டர் வந்தது. புதிதாகத் திறக்கப் போகும் ஒரு பெரிய விடுதிக்கு அறுநூறு தட்டு. வெள்ளைத் தட்டு, ஓரத்தில் நீல வளையம். மண் தட்டெல்லாம் காய்ந்து சூளைக்குத் தயாரான நாளிலிருந்து இருபத்தொரு நாளில் தருவதாக மாப்பிள்ளை கையெழுத்துப் போட்டுவிட்டார். ஒரு லோடுக்கு இருநூறு தட்டு. சுட்டு ஆறுவதற்கு மூன்று நாள். மூன்று லோடுக்கு ஒன்பது நாள். தாராளமான அவகாசம்.

வெள்ளைப் பொடி புதியது, விடுதிக்காரர்கள் கேட்ட வெள்ளை. தாளைப் பார்த்துவிட்டுக் கோட்டக்கா என் அறைக்கு வந்தார்.

"ஐயா, இது ஒரே தீயில வேகாது."

"ஏன்?"

சூளை அறைக்குக் கூட்டிக்கொண்டு போனார். சுவரில் இரண்டு கோடு.

நீலம் [1180, 1220]
வெள்ளை (1220, 1260]

நான் சிரித்துவிட்டேன். "என்னம்மா நீ! ரெண்டுலயும் ஆயிரத்து இருநூத்தி இருபது இருக்கே. கண்ணுக்கு முன்னால நிக்குது. அதுல வை. மண்ணும் அங்க சரியாத்தான் இருக்கும்."

"நல்லாப் பாருங்க ஐயா. நீலத்துக்குக் கடைசியில இருக்கிறது பகர அடைப்பு. 'ப'வைச் சாய்ச்சுப் போட்ட மாதிரி மூலை வச்சது. அப்படின்னா அந்த எண்ணு உள்ள உட்கார்ந்திருக்கு. வெள்ளைக்கு முன்னால இருக்கிறது பிறை. பிறை போட்டா அந்த எண்ணு வாசப்படி வரைக்கும் வரும், உள்ள கால் வைக்காது. தாள்லயே, ஆயிரத்து இருநூத்தி இருபதுக்கு மேல போனாத்தான் உருகும்னு போட்டிருக்கான்."

"ஒரு வளைவுக்கும் ஒரு மூலைக்கும் இவ்வளவு பேச்சா? நெருப்புக்கு ஒரு டிகிரி தெரியுமா?"

"நெருப்புக்குத் தெரியாது ஐயா. பொடிக்குத் தெரியுது. அதுவும் ஒத்தை எண்ணுல ரெண்டும் தொட்டாக்கூட நம்ம சூளையால அந்த ஒத்தைக் கால்ல நிக்க முடியாது. மேலயும் கீழயும் எட்டு டிகிரி ஆடுதே. இங்க தொடவே இல்ல."

அவர் சொன்ன வழி இது: முதலில் வெள்ளையை மட்டும் பூசி 1230இல் சுடுவது. ஆறிய பிறகு நீல வளையத்தைத் தீட்டி 1200இல் இன்னொரு முறை. ஒரு தடவை உருகி இறுகிய வெள்ளைக்கு இரண்டாம் தீயில் ஒன்றும் ஆகாது. சிறிய சோதனை அடுப்பில் நாலு மண் ஓட்டுத் துண்டில் பார்த்துவிட்டாராம். ஆறு லோடு, பதினெட்டு நாள்.

மாப்பிள்ளை குதித்தார். "சூளைக்கு ரெட்டை கேஸ் செலவு, ரெட்டை நாளு! ஒண்ணு இடிச்சா தேதி போச்சு மாமா."

எனக்கும் ரோஷம் வந்தது. ஐம்பது வருடமாக நெருப்பைப் பார்த்த கண்ணுக்கு ஒரு பிறை வந்து பாடம் சொல்வதா? "ஆயிரத்து இருநூத்தி இருபதுல வை. நான் சொல்றேன்" என்றேன்.

கோட்டக்கா சுவரில் இருந்த இரண்டு கோட்டையும் விரலால் தொட்டுக் காட்டினார். பிறகு கயிற்றை அவிழ்த்துச் சாவியை மேசைமேல் வைத்தார்.

"கோடு தடிக்கல ஐயா. தடிக்காத இடத்துல என் கையால தீ வைக்க மாட்டேன்."

"சாவியை வச்சா திரும்ப வராது. தெரியும்ல?" இது மாப்பிள்ளை.

"தெரியும் தம்பி."

நேராகப் பாக்கிங் பகுதிக்குப் போய்த் தரையில் உட்கார்ந்து கோப்பையைச் சுற்ற ஆரம்பித்துவிட்டார். ஒரு சொட்டுக் கண்ணீர் இல்லை. அதுதான் என்னை உறுத்தியது.

மறுநாள் விடியலில் நானே சூளையை மூட்டினேன். பத்து வருடம் கழித்து. ஓட்டையில் கண்ணை வைத்து, மீட்டரையும் பார்த்து, முள் 1220இல் அசையாமல் நிற்க வைத்தேன். அந்த மாதிரி நிறுத்த இந்தத் தொழிலில் எத்தனை பேரால் முடியும் என்று கேட்டுப் பாருங்கள். வீட்டில் சொன்னபோது என் மனைவி, "முள்ளை நிறுத்திட்டீங்க சரி. தட்டு என்ன சொல்லுது?" என்றாள். தட்டு வெளியே வரட்டும் என்றேன்.

மூன்றாம் நாள் கதவைத் திறந்தோம். மேல் அடுக்குத் தட்டுகளில் வெள்ளை பால் போல மின்னியது. ஆனால் நீல வளையம் வழிந்து தட்டின் நடு வரை ஓடியிருந்தது. கீழ் அடுக்கில் நீலம் அளவெடுத்தது போல நின்றது. வெள்ளை சுண்ணாம்பாக, நகம் பட்டால் உதிர்ந்தது. நடு அடுக்கிலாவது இரண்டும் சரியாக இருக்கும் என்று நம்பினேன். நீலம் சரிதான். வெள்ளையில் ஊசி குத்தினது போல ஓட்டை ஓட்டையாக இருந்தது.

நான் தோற்றுப் பழகாதவன். மூன்று பலகை போடச் சொன்னேன். வெள்ளை நன்றாக வந்தவை ஒரு பலகையில். நீலம் நன்றாக வந்தவை இன்னொன்றில். இரண்டும் நன்றாக வந்தது எதுவோ அது நடுப்பலகையில். ஒரே ஒரு தட்டு வந்தால் போதும், வழி இருக்கிறது என்று அர்த்தம். இருநூறு தட்டையும் ஒன்றொன்றாக நானே வெளிச்சத்தில் திருப்பிப் பார்த்தேன். கண்ணில் விளக்கெண்ணெய் விட்டுக்கொண்டு பார்ப்பது என்பார்களே, அப்படி. மாப்பிள்ளை முதல் ஐம்பது வரை நின்றார். பிறகு ஃபோன் வந்தது என்று போய்விட்டார். மதியம் தாண்டி இருநூறாவது தட்டையும் வைத்தேன்.

நடுப்பலகை காலியாக இருந்தது.

தூசி தட்டிவிட்டுப் பார்த்தேன். பலகை பலகையாகவே இருந்தது. நான் பாக்கிங் பகுதிக்கு நடந்தேன். இத்தனை வருடத்தில் ஆளைக் கூப்பிட்டு அனுப்பித்தான் பழக்கம். நானாகப் போனது அன்றுதான். "வாம்மா, ஒண்ணு காட்டணும்" என்றேன்.

கோட்டக்கா வந்து மூன்று பலகையையும் பார்த்தார். நான் அப்பவே சொன்னேனே என்று ஒரு வார்த்தை வரும், தாங்கிக்கொள்வோம் என்று பல்லைக் கடித்துக்கொண்டு நின்றேன். வரவில்லை. அவர் குனிந்து அந்தக் காலிப் பலகையை உள்ளங்கையால் தடவினார். பிறகு சிரித்தார். எதையோ கண்டெடுத்தவர் மாதிரியான சிரிப்பு.

"என்னம்மா?"

"இதுதான் ஐயா விடை!"

"எது?"

"அந்தப் பதினோராவது தாள்ல கடைசிக் கணக்கு இதே மாதிரிதான். ஒரு பக்கம் பகரம், இன்னொரு பக்கம் அதே எண்ணுக்குப் பிறை. விடை அடுத்த தாள்ல. அடுத்த தாளு எந்த வீட்டுக் கோப்பையைச் சுத்திக்கிட்டுப் போச்சோ! எத்தனை தடவை போட்டாலும் எனக்கு ஒண்ணுமே மிஞ்சல. ஒண்ணுமில்லைங்கிறதே ஒரு விடைதானா, இல்ல எனக்குத்தான் கணக்கு வரலையான்னு வருஷக்கணக்கா உறுத்திக்கிட்டே இருந்துச்சு."

நான் பலகையை விட்டு அவர் பக்கம் திரும்பினேன். "அப்போ அன்னிக்கு என் முன்னால சாவியைக் கழட்டி வச்சது..."

"ஆமாங்க ஐயா. விடையைப் பார்க்காமத்தான் வச்சேன்."

"சோதனை அடுப்புல பார்த்தியே?"

"ரெண்டு தீ சரியா வரும்னுதான் அதுல பார்த்தேன். ஒரு தீ வரவே வராதுன்னு எப்படிப் பார்க்கிறது? எத்தனை ஓடு சுட்டாலும், அடுத்த ஓடு வந்துடுமோன்னு ஒரு நெனப்பு இருக்கும்ல? கோட்டை நம்பித்தான் வச்சேன்."

"மகள் படிக்குதே, கேட்டிருக்கலாமே?"

"கேட்டிருக்கலாம். அவளோட பாடம் அந்த இடத்துக்கு வர்ற வரைக்கும் பார்க்கலாம்னு இருந்தேன். வேற யாரைக் கேட்டாலும், பாக்கிங் பொம்பளைக்கு இதெல்லாம் எதுக்குன்னு கேப்பாங்க."

மாப்பிள்ளை வந்து நின்றார். தட்டுகளைப் பார்த்தார், பலகையைப் பார்த்தார். "லோடு கெட்டுப்போச்சே மாமா. பேச்சுப்படி சாவி..." என்று இழுத்தார்.

"லோடு கெட்டுச்சு. கெடுத்தது யாரு?" என்றேன். "தீ வச்சது நான். பேச்சுப்படி பார்த்தா என்கிட்டயிருந்துதான் சாவியைப் பிடுங்கணும். இந்தா, பிடுங்கியாச்சு." சாவியைக் கோட்டக்காவிடம் நீட்டினேன்.

அவர் உடனே கையை நீட்டவில்லை. "ஒண்ணு மட்டும் ஐயா. இனிமே சுவர்ல கோடு தடிக்கலைன்னா யாரு சொன்னாலும் தீ இல்ல. நீங்க சொன்னாலும்."

என் பட்டறையில் என் மேலேயே ஒரு சட்டம்! வேறு யாராவது கேட்டிருந்தால் வாசலைக் காட்டியிருப்பேன். ஆனால் நல்ல சரக்கைப் பார்த்தால் பேரம் பேசாமல் வாங்குகிறவன் நான். "சரி. நானும் சேர்த்தி" என்றேன். அவர் சாவியை வாங்கிக் கயிற்றில் கோத்தார். இந்தத் தடவை இரண்டு முடிச்சுப் போட்டார். முன்பு ஒன்றுதான் போடுவார்.

மிச்சம் இருந்தது சரியாகப் பதினெட்டு நாள். ஆறு லோடு, லோடுக்கு மூன்று நாள். ஒரு மணி நேரம்கூட உபரி இல்லை. சூளையில் நானூறு தட்டு வேகும்போதே உருவாக்கும் பகுதியில் கெட்டுப்போன இருநூறையும் புதிதாகச் செய்து காயவைத்தார்கள். கதவைத் திறக்க வேண்டிய நேரத்தைக் கோட்டக்கா சுவரில் எழுதி வைத்தார். ஒரு தடவைகூடத் தவறவில்லை. இருபத்தொன்றாம் நாள் மாலை வண்டி வந்தபோது கடைசித் தட்டுகளில் இன்னும் கை பொறுக்கும் சூடு இருந்தது. அந்தத் தட்டுகளைப் பாக்கிங்கில் தாள் சுற்றும்போது கோட்டக்கா பக்கத்திலேயே நின்று ஒவ்வொரு தாளையும் புரட்டிப் பார்த்தாராம். எந்த நோட்டும் வரவில்லை, எல்லாம் பழைய செய்தித்தாள் என்று வருத்தமாகச் சொன்னார்.

டிப்ளமோக்காரர் பிறகு ஒரு நாள் வந்து சுவரைப் பார்த்தார். பார்த்துவிட்டு, இரண்டு கோட்டுக்கும் பொதுவாக ஒன்றும் இல்லாமல் போனால் அதற்கு வெற்றுக் கணம் என்று பெயர், வட்டத்தின் மேல் ஒரு கோடு கிழித்தால் அதுதான் குறி என்று சொன்னார். கோட்டக்கா அந்தக் குறியை உடனே போட்டுப் பார்த்தார். பேரும் குறியும் இருக்கிற ஒன்று தப்பாக இருக்காது என்று அன்று முழுக்கச் சந்தோஷமாகச் சுற்றினார். அவர் மகளும் அதே கணக்கை இப்போது பள்ளியில் படிப்பதாகக் கேள்வி.

அந்த நடுப்பலகையை நான் திரும்ப மரக்குவியலில் போடவில்லை. சூளை அறைச் சுவரில், கோடுகளுக்குக் கீழே, அலமாரிப் பலகை போல ஆணி அடித்துப் பொருத்தி வைத்திருக்கிறேன். புதிதாக வருகிறவர்கள் டீக் கிளாஸ் வைக்க அதன் பக்கம் போவார்கள். அதன்மேல் எதையும் வைக்கக் கூடாது என்பது என் உத்தரவு. ஏன் என்று கேட்டால் கோட்டக்காவைக் கேளுங்கள் என்பேன். அவர் சாக்குக்கட்டியை எடுத்துக்கொண்டு எழுந்து நிற்பார்.